தண்டுப் பகுதியை அல்சூரிலிருந்து நடந்து காட்டுங்கள்: பெங்களூரில் மரபு நடை நடத்துவோருக்கு ஒரு திறந்த மடல்

பெங்களூரில் மரபு நடை நடத்துகிற குழுக்களுக்கும், வழிகாட்டிகளுக்கும், பெயர்ப்பலகைகளுக்குப் பொறுப்பான மாநகராட்சி, சுற்றுலாத் துறை அதிகாரிகளுக்கும் வணக்கம்.

சுற்றி வளைக்காமல் கோரிக்கையை முதலிலேயே சொல்லிவிடுகிறோம். தண்டுப் பகுதிக்கான நடையை எம்.ஜி. ரோட்டில் தொடங்காதீர்கள். அல்சூர் சோமேசுவரர் கோயிலில் தொடங்கி, மேற்கே நடந்து, சிவாஜிநகர் மாதா கோயிலில் முடியுங்கள். பழைய நகரமான பேட்டையை அதே நாளில் சேர்க்கவே சேர்க்காதீர்கள்.

தண்டு என்பது இந்த ஊர்த் தமிழர் வாயில் இன்றும் இருக்கிற சொல். கன்டோன்மென்ட் என்று எழுதினாலும் பேச்சில் தண்டுதான். தண்டு என்றால் படை. கன்னடத்திலும் அதே பொருள், பழந்தமிழிலும் அதே பொருள். 1799-இல் திப்பு வீழ்ந்தபின் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் இருந்த ஆங்கிலேயப் படை, அங்கே காய்ச்சலில் ஆட்கள் விழுந்துகொண்டே இருந்ததால், 1809 வாக்கில் பெங்களூருக்கு வந்து அல்சூரை ஒட்டிக் குடியேறியது. படையோடு மதராஸ் மாகாணத்திலிருந்து சிப்பாய், சமையல்காரர், கொத்தனார், ஒப்பந்தக்காரர், துணி வியாபாரி எல்லாரும் வந்தார்கள். பேட்டைக்கும் தண்டுக்கும் இடையில் பிறகு கப்பன் பூங்கா வந்தது. ஆட்சியும் வேறு வேறாகவே இருந்தது. 1947-இல்தான் தண்டு மைசூர் அரசிடம் திரும்பியது. 1949-இல் இரண்டும் ஒரே மாநகராட்சி ஆயின. ஏறக்குறைய ஒன்றரை நூற்றாண்டு தனித்தனியே கிடந்த இரண்டு ஊர்களை மூன்று மணி நேரத்தில் ஒட்டிக் காட்டினால் வருகிறவர் தலையில் எதுவும் நிற்காது. பேட்டைக்கு தர்மராயர் கோயில், திகளர் சமூகம், கரகத் திருவிழா என்று தனிக் கதை இருக்கிறது. அதற்குத் தனிக் காலை கொடுங்கள்.

எம்.ஜி. ரோட்டில் தொடங்குவதில் என்ன தவறு? தொடங்கிய இடம்தான் கதையின் எழுவாய். அங்குள்ள பரேடு மைதானத்தில் தொடங்கினால் "ஆங்கிலேயர் கட்டினார்கள், மற்றவர் வந்தார்கள்" என்று வாக்கியம் தானாக அமைந்துவிடும். கோயிலில் தொடங்கினால், ஏற்கெனவே ஏரியும் கடைத்தெருவும் கோபுரமும் இருந்த ஓர் ஊரின் பக்கத்தில் படை வந்து கூடாரம் போட்டது என்பது வழிகாட்டி வாய் திறக்காமலே விளங்கும். இன்னொரு காரணம் நடைமுறை சார்ந்தது. காலையில் கிழக்கிலிருந்து மேற்கே நடந்தால் வெயில் முதுகில் விழும். எதிர்த்திசையில் வந்தால் மூன்று மணி நேரமும் கண்ணைச் சுருக்கிக்கொண்டு நடக்க வேண்டும். எடுக்கிற படமெல்லாம் நிழலுருவாக வரும்.

வழி இது. ஊதா வழித்தட மெட்ரோவில் ஹலசூரு நிலையம். அங்கிருந்து கடைத்தெரு வழியாகக் கோயில். கோயிலிலிருந்து ஏரி. ஏரிக்கரையில் குருத்வாராவும் வள்ளுவர் சிலையும். அங்கிருந்து டிக்கன்சன் ரோடு, காமராஜர் ரோடு, கமர்ஷியல் தெரு, அதன் குறுக்குச் சந்துகள், ரஸ்ஸல் மார்க்கெட், கடைசியில் மாதா கோயில். ஏறத்தாழ 4 கிலோமீட்டர். தனியாள் ஒரு மணி நேரத்தில் கடந்துவிடுவார். நின்று கேட்டு நகரும் குழுவுக்கு மூன்றே முக்கால் மணி நேரம் வேண்டும். இரண்டரை மணி நேரம் என்று விளம்பரம் செய்துவிட்டு, கடைசி ஒரு கிலோமீட்டரை ஓட்டமாக ஓடுவதுதான் வழக்கமாக நடப்பது. ஓடித் தீர்க்கப்படும் அந்தக் கடைசிப் பகுதி சிவாஜிநகர் என்பதுதான் எங்கள் வருத்தம்.

காலை 6.45-க்கு மெட்ரோ வாசலில் கூடுங்கள். ஞாயிறன்று மெட்ரோ தாமதமாகத்தான் தொடங்கும் என்பதால் அந்த நேரம் சரிவராது. ஞாயிறு வேறு காரணத்தாலும் ஆகாது. மாதா கோயிலில் தமிழிலும் கன்னடத்திலும் ஆங்கிலத்திலும் பூசை மாறி மாறி நடக்கும் நாள் அது. திங்கள் சிவன் கோயிலுக்கு ஆகாது. பிரதோஷமா என்று பஞ்சாங்கத்தையும் ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். வெள்ளியன்று நடை சற்றே இழுத்தாலும் சிவாஜிநகரில் ஜும்ஆ தொழுகைக் கூட்டத்துக்குள் போய் நிற்பீர்கள். மிச்சமிருப்பவற்றில் சனிக்கிழமை வேலைக்குப் போகிறவர்களுக்கு வசதி, புதனும் வியாழனும் தெருவுக்கு வசதி. மாலை நடை வேண்டாம். ஏப்ரல், மே மாதங்களிலும் செப்டம்பர், அக்டோபரிலும் இந்த ஊரில் மழை பெரும்பாலும் பிற்பகலுக்கு மேல்தான் கொட்டும்.

ஒரு குழுவுக்கு 15 பேர், அதற்கு மேல் வேண்டாம். முன்னால் ஒருவர், வாலில் ஒருவர். வாலில் வருபவர் வழி தெரிந்தவராக இருக்க வேண்டும். சும்மா ஆள் எண்ணுபவராக இருந்தால், கமர்ஷியல் தெருவில் வளையல் கடை முன் நின்றுபோன மூவரோடு அவரும் தொலைந்துபோவார். 25 பேரைக் கூட்டிவந்து ஒலிபெருக்கியை இடுப்பில் கட்டிக்கொள்வது தீர்வாகாது. பின்வரிசைக்குக் கேட்கும் அளவு வைத்தால் கோயிலில் அர்ச்சனை செய்பவருக்கும் கேட்கும். அவர் முறைப்பார், முறைப்பது நியாயம்.

செருப்பு சின்ன விஷயம் போலத் தெரியும். ஆனால் நேரக் கணக்கைக் குலைப்பது அதுதான். 15 பேர் காலணி கழற்றி, வைத்து, திரும்ப வந்து மாட்ட ஒரு இடத்துக்கு 7 நிமிடம். கயிறு கட்டிய ஷூ என்றால் 10 நிமிடம். இந்த வழியில் கோயிலும் குருத்வாராவும் என இரண்டு இடம் உறுதியாக உண்டு. கழற்ற எளிதான காலணி, கூடவே ஒரு ஜோடி சாக்ஸ் என்று பதிவு செய்யும்போதே சொல்லிவிடுங்கள். அதே செய்தியில் முக்கால் லிட்டர் தண்ணீர், தலையை மூட ஒரு கைக்குட்டை அல்லது துப்பட்டா என்றும் சேர்த்துக்கொள்ளுங்கள். கழிப்பறையை மெட்ரோ நிலையத்திலேயே முடித்துவிடச் சொல்லுங்கள். அடுத்த நல்ல வாய்ப்பு எங்கே என்பதை நடைக்கு முந்தின நாளே போய்ப் பார்த்து வையுங்கள். போன மாதம் திறந்திருந்தது இந்த மாதமும் திறந்திருக்கும் என்று நம்பக் கூடாது. நடைபாதைக்கும் இதே விதிதான். பல இடங்களில் நடைபாதை என்பது சாக்கடைமேல் அடுக்கிய பலகைக் கல். ஒன்று ஆடினால் ஆள் உள்ளே. ஆடும் கல் எது என்று வழிகாட்டிக்குத் தெரிந்திருக்க வேண்டும், சேர சோழர் வரலாறு அப்புறம்.

கோயிலில் 50 நிமிடம் ஒதுக்குங்கள். கோபுரம் கிழக்குப் பார்த்தது, காலை வெயில் நேரே விழும். முதலில் வெளியே நின்று அதைப் பார்க்கட்டும். நிற்கும்போது வெயில் வழிகாட்டி முகத்தில் படவேண்டும், கேட்பவர் முகத்தில் அல்ல. இதை எத்தனையோ பேர் தலைகீழாகச் செய்கிறார்கள். உள்ளே மண்டபத்தில் 48 தூண்கள். இராவணன் கயிலையைத் தூக்குவது, மகிடாசுரனை வதைக்கும் துர்க்கை, கிரிஜா கல்யாணம், சப்தரிஷிகள், நாயன்மார்கள் என்று புடைப்புகள் இருக்கின்றன. எல்லாவற்றையும் காட்ட வேண்டாம். மூன்றைத் தேர்ந்து ஒவ்வொன்றிலும் ஐந்து நிமிடம் நில்லுங்கள். நாயன்மார்களை மட்டும் விடாதீர்கள். "இவர்கள் யாரோ முனிவர்கள்" என்று கடந்துபோவதைக் காதால் கேட்கும்போது மனம் கசக்கிறது. அறுபத்துமூவர் கதை தமிழ்நாட்டிலிருந்து கிளம்பி இங்கே கல்லாகி நிற்பதுதான் அந்த மண்டபத்தில் சொல்ல வேண்டிய முதல் செய்தி. கன்னட வீரசைவ மரபிலும் இவர்கள் அறுபத்துமூவர் புராதனர் என்று போற்றப்படுகிறவர்கள். ஒரே சிற்பத்தின் முன் இரண்டு மொழிக்காரரும் தத்தம் கதையைச் சொல்லலாம்.

வயது சொல்லும்போது நாக்கை அடக்குங்கள். "ஆயிரம் வருடச் சோழர் கோயில்" என்று ஒரே வாயில் சொல்லிவிடுகிறார்கள். தோற்றம் சோழர் காலத்தோடு சேர்த்துப் பேசப்படுவது உண்மை. இன்று கண்ணுக்குத் தெரிகிற கோபுரத்திலும் மண்டபங்களிலும் பெரும்பகுதி விஜயநகரக் காலப் பாணி, கெம்பேகவுடர் மரபினர் செய்த விரிவாக்கம். பழையது, மேலே புதியது, அதன்மேல் வண்ணப்பூச்சு என்று மூன்று அடுக்காகச் சொன்னால் கேட்பவருக்கு மற்ற கோயில்களைப் பார்க்கவும் கண் திறக்கும்.

அனுமதி விஷயம். கோயில் முஸ்ராய் எனப்படும் கர்நாடக அறநிலையத் துறையின்கீழ் வருவது. நிர்வாக அதிகாரிக்கு ஒரு வாரம் முன்பே கன்னடத்தில் ஒரு கடிதம் கொடுங்கள். நாள், நேரம், ஆள் எண்ணிக்கை, கருவறைப் பக்கம் படம் எடுக்க மாட்டோம் என்ற உறுதி, இவ்வளவு போதும். அர்ச்சகர் தட்டில் குழுவின் பெயரால் நோட்டு வைப்பதைப் பழக்காதீர்கள். அடுத்து வரும் சின்னக் குழுவுக்கு அது கட்டணமாகிவிடும். கொடுக்க நினைப்பவர் உண்டியலில் போடட்டும். நீங்கள் நடத்தும் நடை கோயில் நடை சாத்தும் நேரத்தில் போய் மோதாமலும் பார்த்துக்கொள்ளுங்கள்.

வெளியே வந்ததும் ஊர்ப் பெயருக்கு இரண்டு நிமிடம். தமிழில் அல்சூர், கன்னடத்தில் ஹலசூரு, ஆங்கிலத்தில் உல்சூர். ஹலசு என்றால் பலா. ஏரியருகே இருந்த பலாத் தோப்பால் வந்த பெயர் என்பது வழக்கு. பழங்கன்னடத்துப் பகரம் பிற்காலத்தில் ஹகரமாயிற்று: பால், ஹாலு. புலி, ஹுலி. பள்ளி, ஹள்ளி. இந்த மூன்று ஜோடியைச் சொல்லிவிட்டு, "பலாவுக்கு என்ன வரும்?" என்று குழுவிடமே கேளுங்கள். யாராவது ஒருவர் கண்டுபிடிப்பார். சிவாஜிநகரின் பழைய பெயர் பிளாக்பள்ளி. அங்கே போகும்போது அந்தப் பள்ளி ஹள்ளியாகாமல் நின்றதையும் அவர்களே கவனிப்பார்கள். இந்த இரண்டு நிமிடப் பாடம், எந்த அரசர் எந்த ஆண்டு என்ற பட்டியலைவிட நெடுநாள் மனதில் தங்கும்.

நகரத்தின் பெயரைப் பற்றியும் கேட்பார்கள். வெந்த பயறு கதை தயாராக இருக்கும் உங்களிடம்: காட்டில் வழிதவறிய ஹொய்சள அரசன் வீரபல்லாளனுக்கு ஒரு கிழவி வேகவைத்த பயறு தந்தாள், பெந்தகாளூரு பெங்களூரு ஆயிற்று. அழகான கதைதான், சொல்லுங்கள். சொல்லிவிட்டு, பேகூர் நாகேசுவரர் கோயில் வீரக்கல்லில் பெங்களூர்ப் போர் என்று பொறித்திருப்பதையும் சொல்லுங்கள். அது கி.பி. 890 அளவினது. பல்லாளனுக்கு ஏறக்குறைய மூன்று நூற்றாண்டு முந்தியது. கிழவி பயறு வேகவைப்பதற்கு முன்பே ஊருக்குப் பெயர் இருந்தது. "1537-இல் கெம்பேகவுடர் பெங்களூரை உண்டாக்கினார்" என்பதையும் இதே கல் திருத்திவிடும். அவர் உண்டாக்கியது கோட்டையும் பேட்டையும்.

ஏரிக்கு வந்தால் குழுவை உட்காரவிடுங்கள். ஏரியின் ஒரு பக்கம் மதராஸ் சாப்பர்ஸ் படைப்பிரிவின் இடம். அந்தப் பக்கம் கேமராவைத் திருப்பக் கூடாது என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். தண்டு என்ற சொல் இந்த ஊரில் இன்னும் உயிரோடு இருப்பதற்கு அந்த மதிற்சுவர்தான் கண்கண்ட சாட்சி.

குருத்வாராவில் தலை மூடாமல் நுழையக் கூடாது. தொப்பி செல்லாது, துணிதான் வேண்டும். பையில் சிகரெட், பீடி, பான் மசாலா எதுவும் இருக்கக் கூடாது. கை கால் கழுவி உள்ளே போய், குரு கிரந்தத்துக்கு முதுகைக் காட்டாமல், காலை அந்தத் திசையில் நீட்டாமல் உட்கார வேண்டும். லங்கர் என்ற பொதுப் பந்தியில் உட்கார்ந்தால் 40 நிமிடம் போய்விடும். நேரமில்லை என்றால் தொடக்கத்திலேயே சொல்லிவிட்டு பிரசாதத்தோடு எழுந்துவிடுங்கள். பாதிச் சாப்பாட்டில் கூட்டத்தைக் கிளப்பிக்கொண்டு போவதும் தட்டில் மிச்சம் வைப்பதும் அங்கே அவமரியாதை.

இனி வள்ளுவர் சிலை. இங்கேதான் வழிகாட்டிகள் இரண்டில் ஒரு தவறு செய்கிறார்கள். ஒன்று, குறள் ஒன்றைச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுவது. இல்லையென்றால் பழைய சண்டையைக் கிளறி, குழுவில் இருக்கும் கன்னடர் ஒருவரும் தமிழர் ஒருவரும் எஞ்சிய நடை முழுவதும் அதையே பேச வைப்பது. சொல்ல வேண்டியது நான்கு வாக்கியம்தான். சிலை 1991-இல் வைக்கப்பட்டு, எதிர்ப்பால் திறக்கப்படாமல் 18 ஆண்டுகள் மூடிக்கிடந்தது. அதே 1991-இன் இறுதியில் காவிரி நடுவர் மன்ற இடைக்கால ஆணையை ஒட்டி இங்கே தமிழருக்கு எதிராகக் கலவரம் நடந்தது. 2009 ஆகஸ்ட் 9 அன்று இரு மாநில முதல்வர்களும், கருணாநிதியும் எடியூரப்பாவும், சேர்ந்து நிற்க சிலை திறக்கப்பட்டது. நான்கு நாள் கழித்து, ஆகஸ்ட் 13 அன்று, சென்னை அயனாவரத்தில் கன்னடக் கவி சர்வக்ஞர் சிலை திறக்கப்பட்டது. இதில் எதையும் விழுங்கவும் வேண்டாம், ஊதிப் பெருக்கவும் வேண்டாம். சர்வக்ஞரின் திரிபதி ஒன்றைக் கன்னடத்தில் சொல்லத் தெரிந்த வழிகாட்டியாக இருந்தால் இந்த இடத்தில் சொல்லுங்கள். மூன்றடியும் இரண்டடியும் பக்கத்தில் பக்கத்தில் நன்றாகவே ஒலிக்கும்.

அங்கிருந்து காமராஜர் ரோடு வரை வேகமாக நடக்கலாம், நின்று பார்க்க அதிகமில்லை. அந்த ரோட்டின் பழைய பெயர் கேவல்ரி ரோடு என்று மட்டும் நடந்துகொண்டே சொல்லுங்கள். குதிரைப்படை போய்க் காமராஜர் வந்த கதையை யாராவது கேட்டால் தேநீர் வேளைக்கு வைத்துக்கொள்ளலாம்.

கமர்ஷியல் தெருவுக்குக் கடைகள் திறக்கும் முன்னே போய்விட வேண்டும். ஒன்பதரை மணிக்கு இரும்புக் கதவுகள் மூடியிருக்கும், நடைபாதை காலியாக இருக்கும். தலையை நிமிர்த்தி மாடிகளைப் பார்க்க முடியும். கீழே புதுக் கண்ணாடி, மேலே பழைய சுண்ணாம்புப் பூவேலை, மரச் சன்னல், ஓட்டு விளிம்பு. பதினொன்றுக்கு மேல் இதே தெருவில் முன்னால் போகிறவரின் தோளைத் தவிர எதுவும் தெரியாது.

இந்தப் பகுதியின் உண்மையான ஆவணக் காப்பகம் சந்துகளின் பெயர்ப்பலகைகள். நாராயண பிள்ளை தெரு, வீரபிள்ளை தெரு, இப்ராகிம் சாகிப் தெரு, மீனாட்சி கோயில் தெரு, தர்மராஜா கோயில் தெரு, நகைக்கடைக்காரர் தெரு. பத்து நிமிட நடைக்குள் இத்தனையும் வந்துவிடும். தண்டுக்கு யார் யார் வந்தார்கள் என்று நீங்கள் தனியே சொற்பொழிவு ஆற்ற வேண்டாம். ஆளுக்கொரு பலகையை வாசிக்கச் சொன்னாலே போதும். தர்மராஜா கோயில் என்ற பெயர் வந்ததும் அரை நிமிடம் நில்லுங்கள். பாண்டவரில் மூத்தவருக்கும் திரௌபதிக்கும் கோயில் கட்டுவது வடதமிழ்நாட்டில் ஆற்காடு, செஞ்சிப் பக்கத்து வழக்கம். படையோடு பிழைக்க வந்தவர்கள் அரிசி மூட்டையோடு சாமியையும் கொண்டுவந்தார்கள். பேட்டையில் கரகம் எடுக்கும் திகளர் குல தெய்வமும் இதே திரௌபதிதான் என்று சொல்லி, அந்த நடைக்கு ஒரு முன்னோட்டம் கொடுத்துவிடலாம். அந்தக் கரகம் நள்ளிரவில் காட்டன்பேட்டை மஸ்தான் சாகிப் தர்காவுக்குப் போய்விட்டுத்தான் திரும்பும் என்பதைச் சொன்னால், அடுத்த நடைக்குப் பாதிப்பேர் அங்கேயே பெயர் கொடுப்பார்கள்.

சந்துகளில் 15 பேர் சேர்ந்து நிற்கக் கூடாது. தள்ளுவண்டிக்காரர் ஒருவர் நின்றால் பின்னால் பத்துப் பேர் நிற்பார்கள். ஐந்து ஐந்தாகப் பிரித்து, சுவரோரம், ஒரே பக்கமாக நில்லுங்கள். முச்சந்தியில் நிற்கவே வேண்டாம்.

தண்டு மாரியம்மன் கோயிலை யாரும் வழித்தடத்தில் சேர்ப்பதில்லை. பெரிய சிற்பம் இல்லை, படத்துக்கு எடுப்பாக இருக்காது. ஆனால் பெயரிலேயே படையைச் சுமக்கிற அம்மன் வேறெங்கே கிடைப்பாள்? 1898-இல் பிளேக் இந்த ஊரைப் புரட்டிப்போட்ட பின்தான் நெரிசலைக் குறைக்க பிரேசர் டவுன் போன்ற புது விரிவாக்கங்கள் தண்டில் எழுந்தன. கொள்ளைநோயும் மாரியம்மனும் நகரத் திட்டமும் ஒரே பேச்சில் வருகிற இடம் இது. வாசலில் நின்று மூன்று நிமிடம் பேசினால் போதும், உள்ளே குழுவாக நுழைய வேண்டாம்.

ரஸ்ஸல் மார்க்கெட்டில் பத்து மணிக்கு மேல் நுழையுங்கள். அதற்கு முன் மொத்த வியாபாரம், நீங்கள் இடைஞ்சல். 2012-இல் தீப்பிடித்துக் கடைகள் பல எரிந்த கட்டடம் அது. உள்ளே மேற்கூரையை அண்ணாந்து பார்க்கச் சொல்லுங்கள். பூக்கடை, பழக்கடைக்காரர்களை அனுமதி கேட்காமல் படம் எடுக்காதீர்கள். அவர் முன் ஐந்து நிமிடம் நின்று பேசினால் கால் கிலோவாவது வாங்குங்கள். கறிக்கடைப் பகுதிக்கு விருப்பமுள்ளவர் மட்டும் போகட்டும். மூக்கைப் பொத்திக்கொண்டு பார்ப்பதற்குப் பாராமலே இருக்கலாம். ஒரே கடைக்காரர் பத்து நிமிடத்தில் தமிழ், தக்கினி உருது, கன்னடம், தெலுங்கு என்று நான்கு மொழியில் விலை சொல்வதைக் காது கொடுத்துக் கேளுங்கள் என்று குழுவிடம் சொல்லிவிட்டு நீங்கள் வாயை மூடிக்கொள்ளுங்கள். நக்கோ என்பது தக்கினியில் வேண்டாம் என்று மட்டும் முன்பே சொல்லி வைத்தால் பேரம் புரியும்.

மாதா கோயிலில் தேதிகள் சுலபம். 1818-இல் அபே துபுவா என்ற பிரெஞ்சுப் பாதிரியார் தொடங்கிய சிற்றாலயம். இப்போதைய கோத்திக் கட்டடம் 1875-இல் தொடங்கி 1882-இல் முடிந்தது. பிறகு பசிலிக்கா தகுதி பெற்றது. இவற்றைவிட முக்கியம் மாடத்தில் இருக்கும் மாதா சேலை கட்டியிருப்பது. வேளாங்கண்ணியைப் பார்த்தவர்களுக்கு உடனே புரியும். மற்றவர்களுக்கு, இங்கே மெழுகுவர்த்தி ஏற்றுகிறவர்களில் எல்லா மதத்தாரும் உண்டு என்று சொன்னால் போதும். உள்ளே பேசாதீர்கள். பேச வேண்டியதை வெளியே பேசி முடித்து, உள்ளே பத்து நிமிடம் அவரவர் விருப்பம்போல் உட்காரட்டும். முடித்துவிட்டு வெங்காயச் சமோசாவும் தேநீரும். பத்தே முக்காலுக்கு நடை நிறைவு.

கல்வெட்டு எங்கே என்று கேட்பவர்கள் இருப்பார்கள். அவர்களை இந்த நடையில் திருப்திப்படுத்த முயலாதீர்கள். தொம்மலூர் சொக்கநாதர் கோயிலுக்குத் தனியே ஒன்றரை மணி நேர நடை வையுங்கள், 8 பேருக்கு மேல் வேண்டாம். பெயரைக் கேட்டுச் சிவன் கோயில் என்று எண்ணிவிடக் கூடாது. கல்வெட்டில் சொக்கப்பெருமாள், உள்ளே இருப்பவர் விஷ்ணு. அக்கல்வெட்டுகள் தமிழிலும் கிரந்தத்திலும் இருக்கின்றன. ஊரின் பெயர் தொம்பலூர், இன்னொரு பெயர் தேசிமாணிக்கப்பட்டணம். எலஹங்கா நாடு இங்கே இலைப்பாக்க நாடு. நிலைக்கால் கொடையாகத் தந்தவர் பெயர் நிலைக்காலிலேயே இருக்கிறது. தமிழ் எழுத்தைக் கண்டதும் "சோழர்" என்று துள்ளுபவர்களுக்கு இந்தக் கோயில் நல்ல மருந்து. தலைக்காட்டிலிருந்து சோழரை 1116 வாக்கில் ஹொய்சள மன்னன் விஷ்ணுவர்த்தனன் வெளியேற்றிவிட்டான். தொம்மலூர்க் கற்கள் பலவும் 13ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவை, ஹொய்சள ராமநாதன் காலத்தவையும் அவற்றில் உண்டு. கன்னட அரச மரபின் ஆட்சியில் தமிழில் வெட்டிய கல். இதை வைத்து "ஊரே எங்களுடையது" என்று மார்தட்டும் தமிழரையும், "தமிழுக்கு இங்கே என்ன வேலை" என்று கேட்பவரையும் ஒரே கல்லின் முன் நிறுத்தலாம்.

வாசிக்கக் கற்றுத்தருவது எப்படி என்பதையும் எழுதிவிடுகிறோம். முதலில் ஸ்வஸ்திஸ்ரீ என்ற தொடக்கத்தைத் தேடச் சொல்லுங்கள், அதிலேயே கிரந்த எழுத்து அறிமுகமாகிவிடும். மெய்யெழுத்துக்குப் புள்ளி பெரும்பாலும் இராது. எகர ஏகாரத்துக்கும் ஒகர ஓகாரத்துக்கும் வேறுபாடு இராது. ரகரமும் துணைக்காலும் ஒன்றுபோல் இருக்கும். இந்த மூன்றும் தெரிந்தால் தமிழ் படித்தவர் பத்து நிமிடத்தில் இரண்டு சொல்லாவது எழுத்துக்கூட்டிவிடுவார். சக ஆண்டோடு 78 கூட்டினால் கி.பி. கிடைக்கும். எழுத்து கண்ணுக்குத் தெளிவாகப் படாவிட்டால் கைபேசி விளக்கைக் கல்லுக்கு நேரே காட்டாமல், பக்கவாட்டில் சுவரோடு ஒட்டினாற்போல் சாய்த்துப் பிடியுங்கள். பள்ளத்தில் நிழல் விழுந்து எழுத்து எழும்பி வரும். சுண்ணக்கட்டி, மாவு, எண்ணெய், தண்ணீர் எதையும் தடவக் கூடாது. எண்ணெய் தூசியைப் பிடித்து இறுகும், சுண்ணக்கட்டி தவறான வாசிப்பைக் கல்லிலேயே நிலைக்க வைத்துவிடும். கல்லில் தாள் ஒற்றி மைப்படி எடுப்பது அனுமதி பெற்ற தொல்லியலாளர் வேலை. பெங்களூர் மாவட்டக் கல்வெட்டுகள் எபிகிராபியா கர்னாடிகா என்ற கல்வெட்டுத் தொகுப்பு நூலின் 9ஆம் தொகுதியில், 1905-இல் ரைஸ் பதிப்பித்தது, அச்சாகியிருக்கின்றன. மிதிக் சொசைட்டி என்ற ஆய்வு அமைப்பு 2021 முதல் இந்நகரக் கல்வெட்டுகளை முப்பரிமாணத்தில் பதிவு செய்துவருகிறது. கல்லில் தேய்ந்துபோன வரியை அந்தப் படத்தில் காட்டலாம். பாடத்தை முன்கூட்டியே பெரிய எழுத்தில் அச்சடித்து ஆளுக்கொன்று கொடுங்கள்.

அதிகாரிகளுக்கு இரண்டே வேண்டுகோள். கோயில் திருப்பணியில் கல்வெட்டுள்ள கல்மேல் வண்ணம் பூசுவதையும் மணல் பீய்ச்சிச் சுத்தம் செய்வதையும் தடுங்கள். முதலாவது எழுத்தை மூடும். இரண்டாவது எழுத்தையே அரித்துவிடும், பிறகு எந்த விளக்கைச் சாய்த்துப் பிடித்தும் பயனில்லை. இரண்டாவதாக, சந்துகளில் பலகை மாற்றும்போது பழைய பெயரைச் சுருக்காதீர்கள். கன்னடம் முதலில், பெரிதாக இருக்கட்டும், அதில் எங்களுக்கு மாற்றுக் கருத்தில்லை. நாராயண பிள்ளை தெருவை என்.பி. தெரு என்று எழுதினால் அவர் காணாமல் போய்விடுகிறார், அவ்வளவுதான். ஓல்டு புவர் ஹவுஸ் ரோடு, அதாவது பழைய ஏழை விடுதி ரோடு, ஓ.பி.எச். ரோடு ஆகி, அது எதன் சுருக்கம் என்று அங்கே கடை வைத்திருப்பவரே யோசிக்க வேண்டியிருக்கிறது.

கடைசியாக ஒரு தேதி. ஆகஸ்ட் 29 கொடியேற்றத்திலிருந்து செப்டம்பர் 8 திருவிழா வரை சிவாஜிநகர் வழித்தடத்தை நிறுத்தி வையுங்கள். அந்த நாட்களில் காவி உடுத்தி நடந்தே வருகிறவர்களுக்குத் தெரு முழுவதும் வேண்டும்.

இப்படிக்கு,
தண்டுத் தெருக்களில் நடக்கும் தமிழர் சிலர்
பெங்களூர்